மைல் மாப்பிள்ளையும் உம்மாவின் மன்னிப்பும்

என் கணவர் கட்டாரில் வேலை செய்கிறார் என்றால் எல்லோருக்கும் விளங்கும். அவர் மைல் சேர்க்கிறார் என்றால்தான் ஒருவருக்கும் விளங்காது. விமானத்தில் நாம் பறக்கிற தூரத்துக்கு ஏற்ப அந்தக் கம்பனி நமது பெயரில் மைல் என்று ஒன்றைப் போட்டு வைக்கும். அது போதிய அளவு சேர்ந்தால் ஒரு டிக்கட் சும்மா தரும். இவ்வளவுதான் சங்கதி. கல்முனைக்குடியில் எங்கள் தெருவில் இதை நான் விளக்காத வீடு இல்லை. எல்லோரும் தலையை ஆட்டிக் கேட்டுவிட்டு, "அப்ப அவருக்கு அங்க வேலை ஒண்டும் இல்லையா கா?" என்றார்கள்.

வேலை இருக்கிறது. பெரிய கட்டடம் கட்டுகிற இடத்தில் பாதுகாப்பு அலுவலர். ஹெல்மட் போடாமல் ஏணியில் ஏறுகிறவனைப் பிடித்து ஏசுவதுதான் அவருடைய தொழில். வீட்டில் அவர் ஒருவரையும் ஏசியது கிடையாது. அந்தத் தொழிலை எங்கள் வீட்டில் என் உம்மா பார்த்துக்கொண்டார்.

எங்கள் பக்கத்தில் கல்யாணம் முடிந்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து இருப்பார். அவர் வரும் நாளில் வெள்ளை விரிப்பு விரிக்கிறதும், மீனின் நடுத்துண்டை அவருக்கென்று எடுத்து வைக்கிறதும் மாமியின் பொறுப்பு. ஆனால் மாமி மருமகனோடு நேருக்கு நேர் கதைப்பது குறைவு. எங்கள் வீட்டில் அது அறவே இல்லை. உம்மா குசினிக் கதவுக்குப் பின்னால் நின்று, "புள்ள, அவருக்கு இன்னும் ஒரு அகப்பை சோறு போடு" என்பார். என் கணவர் கைக்கெட்டிய தூரத்தில் இருந்துகொண்டு, "மாமிக்கிட்ட போதும் எண்டு சொல்லு" என்பார். இரண்டு பேருக்கும் காது நன்றாகக் கேட்கும். இருந்தாலும் நான் நடுவில் நின்று இரண்டு பக்கமும் மறுபடி சொல்ல வேண்டும். நான் பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பிக்கிறவள். அங்கே மொழிபெயர்த்து வீட்டுக்கு வந்தால் இங்கே தமிழிலிருந்து தமிழுக்கு மொழிபெயர்ப்பு!

அவர் லீவில் வருகிற வருகையைப் பற்றிச் சொல்ல வேண்டும். கட்டாரிலிருந்து கொழும்புக்கு நேரே வருகிற விமானம் இருக்கிறது. ஊரில் மற்ற ஆண்கள் எல்லாம் அதில் ஏறிக் காலையில் வெளிக்கிட்டால் பின்னேரம் கட்டுநாயக்கவில் நிற்பார்கள். எங்கள் வீட்டு மாப்பிள்ளை அப்படி வரமாட்டார். நேரே வந்தால் மைல் குறைவாம். அதனால் எதிர்த்திசையில் ஒரு ஊருக்குப் பறந்து, அங்கே ஒரு முழுப் பகல் காத்திருந்து, அங்கிருந்து கொழும்புக்கு வருவார். அது எந்த ஊர் என்று நான் சொல்லமாட்டேன். சொன்னால் எல்லோரும் அந்த வழியைப் பிடித்துவிடுவார்களாம், அவருக்குப் பயம்.

அவர் வந்து இறங்கும்போது கால் இரண்டும் வீங்கியிருக்கும். கண் சிவந்திருக்கும். முதல் நாள் உம்மா ஆக்கி வைத்த பாரை மீன் ஆணம் இரண்டு தரம் சூடாக்கப்பட்டுத் துண்டெல்லாம் உடைந்து கிடக்கும். உம்மாவுக்கு அதுதான் பெரிய கோபம்.

"ஏன் புள்ள, உன்ட மாப்பிள்ள பிளேன்ல வாறாரா, நடந்து வாறாரா?" என்று கதவுக்குப் பின்னால் நின்று கேட்பார். "அடுத்த வளவுப் பொடியன் நேத்து வெளிக்கிட்டு நேத்தே வந்து சோறும் திண்டுட்டான். இவரு முந்தாநாள் வெளிக்கிட்டவரு. கஞ்சத்தனத்துக்கும் ஒரு அளவு வேணும் கா. ஆகாயத்துலயுமா?"

அவர் சிரித்துக்கொண்டே உடைந்த மீனைச் சாப்பிடுவார். "மாமிக்கிட்ட ஆணம் நல்லாரிக்கி எண்டு சொல்லு."

மைல் பறந்தால் மட்டும் கிடைப்பதில்லை என்பதையும் அவர் கண்டுபிடித்துவிட்டார். ஒரு வங்கிக் கார்ட் இருக்கிறது. அதால் சாமான் வாங்கினாலும் மைல் வரும். அவர் லீவில் நிற்கும் மாதம் எங்கள் சொந்தக்காரர் ஒருவரும் தனியாகக் கடைக்குப் போக முடியாது. அட்டாளைச்சேனையில் என் சாச்சி மகளின் கல்யாணத்துக்கு அலுமாரி எடுக்கப் போனபோது, பெண்ணின் வாப்பாவுக்கு முன்னால் இவர் போய் நின்று, "கார்ட் மெசின் இரிக்கா?" என்று கேட்டார். மாப்பிள்ளைக்கு எந்த நிற அலுமாரி பிடிக்கும் என்பதைப் பற்றி அவருக்குக் கவலையில்லை. மெசின் இல்லாத கடையில் நல்ல தேக்கு அலுமாரி நின்றது. மெசின் இருந்த கடையில் நின்றது வாங்கப்பட்டது. அதன் கதவு இன்றைக்கும் ஒழுங்காகப் பூட்டுப்படாது. சாச்சி என்னைக் காணும்போதெல்லாம் அந்தக் கதவின் சுகத்தைச் சொல்வார்.

இன்னொரு தடவை ஏதோ ஒரு ஆங்கிலச் சஞ்சிகைக்குச் சந்தா கட்டினால் மூன்று மடங்கு மைல் என்று கண்டு கட்டிவிட்டார். கோல்ப் விளையாட்டைப் பற்றிய சஞ்சிகை. கல்முனைக்குடியில் கோல்ப்! மாதா மாதம் தபால்காரர் அதைக் கொண்டுவந்து தரும்போது என்னை ஒரு மாதிரிப் பார்ப்பார். உம்மாவுக்கு மட்டும் அது பிடித்தது. வழவழப்பான தாள், கருவாடு சுற்றினால் எண்ணெய் ஊறாது.

இப்படி அவர் சேர்த்துக்கொண்டே போக, நான் பகிடி பண்ணிக்கொண்டேயிருந்தேன். எதற்காகச் சேர்க்கிறார் என்று கேட்டால், "இரிக்கட்டும், ஒண்டுக்கு உதவும்" என்பார். சேர்க்கிறதில் ஒரு பைத்தியம் பிடித்துவிட்டது என்றுதான் நினைத்திருந்தேன்.

உம்மாவுக்கு இந்த உலகத்தில் ஒரே ஒரு ஆசை இருந்தது. மக்காவுக்குப் போய்க் காபத்துல்லாவை ஒருக்காக் கண்ணால் பார்க்க வேண்டும். வாப்பா இருக்கும்போது அதற்கென்று நற்பிட்டிமுனை வயலின் ஒரு துண்டை நினைத்து வைத்திருந்தார்கள். பிறகு எனக்கு வீடு கட்டிக் கொடுக்க வேண்டி வந்தது. பெண் பிள்ளைக்கு வீடு கொடுக்காமல் மாப்பிள்ளை எடுக்க முடியாதே. பிறகு தங்கச்சிக்கு ஒரு வீடு. வயலும் போனது, வாப்பாவும் மௌத்தாகிவிட்டார். உம்மா தன் ஆசையைப் பற்றிக் கதைப்பதை நிறுத்தினார். ஊரில் யாராவது மக்காவுக்கு உம்றா யாத்திரை போய்வந்து அங்கத்தைய ஸம்ஸம் தண்ணீர் கொடுத்தால், அந்தச் சின்னப் போத்தலைக் குடித்து முடித்தும் எறியமாட்டார். அவருடைய அலுமாரியில் வெறும் போத்தல்கள் வரிசையாக இருந்தன. முழங்கால் வேறு அவரைக் கைவிடத் தொடங்கியிருந்தது. இன்னும் ஓரிரு வருடம் போனால் கூட்டிப் போனாலும் அவரால் நடக்க முடியாது என்பது எங்கள் எல்லோருக்கும் தெரியும்.

ஒரு வெள்ளிக்கிழமை என் கணவர் போனில் சொன்னார், "மைல் நிரம்பிட்டு. நீயும் மாமியும் உம்றாவுக்குப் போகலாம். ரெண்டு பேருக்கும் காணும்."

அந்த வெறும் போத்தல்களை அவரும் பார்த்திருக்கிறார். பத்து வருடத்துக்கு மேலாகப் பார்த்துக்கொண்டேதான் இருந்திருக்கிறார்.

உம்மாவிடம் சொன்னேன். அவர் எழுந்து, முக்காட்டைச் சரி பண்ணிக்கொண்டு, செருப்பைப் போட்டார்.

"எங்க உம்மா?"

"மன்னிப்புக் கேக்கப் போறன்."

மக்காவுக்குப் போகிறவர் போகுமுன் தெரிந்தவர் எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டுவிட்டுப் போவது எங்கள் வழக்கம். ஆனால் அது டிக்கட் கையில் கிடைத்த பிறகு! "உம்மா, சீட் இன்னும் எடுக்கல்ல" என்று நான் பின்னால் ஓடினேன்.

"நிரம்பிட்டு எண்டாரே. நிரம்பினா ஏறிப் போறதுதானே" என்று சொல்லிக்கொண்டு உம்மா கடப்படியைத் தாண்டிவிட்டார்.

முதலில் அடுத்த வளவு. அந்த வீட்டு ஆடுகள் எங்கள் முருங்கையைத் தின்னும். உம்மா அவற்றுக்குக் கல்லால் எறிவார். இது வருடக்கணக்கான யுத்தம். "கா, நான் உம்றாவுக்குப் போறன். ஏசினது, எறிஞ்சது எல்லாத்தையும் மன்னிச்சி ஹலாலாக்கித் தாங்க" என்றார்.

"நான் ஹலாலாக்கிட்டன் ராத்தா. ஆட்டுக்கிட்ட நீங்கதான் கேக்கணும்" என்று அந்த மனிசி சொல்லிவிட்டுக் கட்டிப்பிடித்து அழுதார்.

தெரு முடிந்தது. அடுத்த தெரு முடிந்தது. த்ரீவீல் பிடித்து அட்டாளைச்சேனைக்குப் போய்ச் சாச்சியிடம் அலுமாரிக் கதவுக்கும் சேர்த்து மன்னிப்புக் கேட்டார். மறுநாள் காலை மோட்டார் சைக்கிளில் மீன்காரர் வந்தார். உம்மாவின் வாயால் அதிகம் அடிபட்டவர் ஊரில் அவர்தான். "உம்மா, நீங்க ஏசல்லாட்டி எனக்குப் பொழுது விடியாதே" என்று அவர் கண் கலங்கி, இரண்டு சூரை மீனைச் சும்மா கொடுத்துவிட்டுப் போனார். ஒரு கிழமைக்குள் ஊர் முழுக்கக் கணக்கு முடிந்தது. ஊரார் தங்கள் பங்குக்கு சலாமும் துஆக் கேட்டலும் கொடுத்தனுப்பினார்கள். எந்தப் பெண்ணுக்கு மாப்பிள்ளை கிடைக்க துஆக் கேட்க வேண்டும், யாருக்குச் சீனி வருத்தம் குறைய வேண்டும், எல்லாம் உம்மா மனப்பாடம்.

அப்போதுதான் என் கணவர் போன் எடுத்து இழுத்து இழுத்துச் சொன்னார், "சீட் ஒண்டும் இல்ல."

மைலுக்கென்று ஒவ்வொரு விமானத்திலும் கொஞ்ச சீட்தான் வைப்பார்களாம். நோன்புக்கு முந்திய மாதங்கள் என்பதால் மக்காவுக்குப் போகிறவர்கள் இறங்குகிற ஜித்தா விமானங்களில் அதுவும் இல்லையாம். காசு கட்டிப் போகிறவர்களுக்கு இடம் இருக்கிறதாம். நான் உம்மாவுக்கு விளக்கினேன்.

"அப்ப பிளேன்ல இடம் இரிக்கி?"

"இரிக்கி."

"நமக்கு மட்டும் இல்ல?"

"ஓம்."

"இதுக்குத்தானா இந்த மனிசன் இவ்வளவு காலம் ஊரெல்லாம் சுத்தி வந்தாரு?"

அதன் பிறகு வந்த வாரங்களை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது, அப்போது வரவில்லை. எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டு முடித்த உம்மாவால் ஒருவரையும் ஏச முடியாது. ஏசினால் மறுபடி போய்க் கேட்க வேண்டும். ஆடுகள் அதை எப்படியோ அறிந்துகொண்டன. உம்மா கல்லைக் கையில் எடுப்பார், பிறகு கீழே போடுவார். முருங்கை மொட்டையாகிப்போனது. மீன்காரரும் லேசுப்பட்டவர் இல்லை. கண் சிவந்த மீனைக் கொண்டுவந்து நீட்டுவார். உம்மா அதன் செவுளைத் திறந்து பார்த்து, பல்லைக் கடித்துக்கொண்டு, "மாஷா அல்லாஹ், நல்ல மீன்" என்பார். தெருவில் இறங்கினால், "இன்னும் போகல்லையா ராத்தா?" என்று கேள்வி. கல்யாண வீடுகளுக்குப் போவதையும் விட்டுவிட்டார்.

இவ்வளவு ஏச்சும் எங்கே போகும்? ஒரே ஒரு ஆள் மிச்சம் இருந்தார்.

"கஞ்சன். கால் வீங்கின கஞ்சன். ஊருக்கு முன்னால என்ட மானத்த வாங்கின மைல் மாப்பிள்ள" என்று காலைத் தேத்தண்ணியோடு தொடங்குவார்.

"உம்மா, அவரை மட்டும் ஏசலாமா?"

"அவருக்கிட்டத்தான் நான் இன்னும் மன்னிப்புக் கேக்கல்லயே. கேக்கிற நேரம் எல்லாத்தையும் சேத்துக் கேக்கிறன்."

"எப்பிடிக் கேப்பீங்க? நீங்கதான் அவரோட கதைக்கிறதில்லையே."

"நீ கேட்டுச் சொல்லு."

எனக்கு வந்ததே கோபம். "சோறு காணுமா, ஆணம் காணுமா எண்டதெல்லாம் சொன்னன். மன்னிப்பெல்லாம் என்னால சுமக்க ஏலா. அதுக்கு நீங்கதான் வாயத் திறக்கணும்" என்றேன். அந்தக் கோபத்தோடே, என் கணவர் சொல்ல வேண்டாம் என்றிருந்ததையும் சொல்லிவிட்டேன். அந்த மைல்களில் பெரும்பங்குக்குக் காலக்கெடு உண்டு. மாத முடிவுக்குள் டிக்கட் எடுக்காவிட்டால் அவை இல்லாமல் போய்விடும். மறுபடி அவ்வளவு சேர்க்க இன்னும் எத்தனையோ வருடம் வேண்டும்.

உம்மா தேத்தண்ணிக் கோப்பையை வைத்தார். "மைல் அழுகுமா?"

"ஓம். மீன் மாதிரித்தான்."

அவர் தன் முழங்காலைத் தடவிக்கொண்டார். அன்றிலிருந்து மாப்பிள்ளையை ஏசவும் இல்லை. வீடு அமைதியாகிவிட்டது, எனக்கு அதுதான் பயமாக இருந்தது. அங்கே கட்டாரில் அவர் மத்தியானச் சாப்பாட்டு நேரமெல்லாம் சோற்றை மடியில் வைத்துக்கொண்டு, ஒரு கையால் போனில் சீட் தேடிக்கொண்டிருந்தார். நான் போன் எடுத்தால், "வை, வை, லைன் போகுது" என்று வெட்டிவிடுவார்.

மாதம் முடிய இரண்டொரு நாள் இருக்கும்போது பள்ளிக்கூடத்தில் பாடத்தின் நடுவில் போன் வந்தது. "கிடைச்சிட்டு! ரெண்டு சீட். ஆனா நேரே இல்ல." அவர் குரல் உடைந்திருந்தது. "நான் வாற வழிதான். அங்க ஒரு பகல் முழுக்கக் காத்திரிக்கணும். மாமிக்கு ஏலுமா?"

பிள்ளைகளுக்கு முன்னால் நின்று நான் அழுதேன். ஆங்கில டீச்சருக்கு என்ன நடந்தது என்று அவர்கள் விழித்தார்கள்.

மைல் எல்லாம் எங்களுக்கே போய்விட்டதால், தான் கட்டாரிலிருந்து உம்றா பஸ்ஸில் பாலைவனத்தைக் கடந்து வந்து மக்காவில் எங்களோடு சேர்வதாகச் சொன்னார். அந்த பஸ்ஸுக்கு மைல் கிடைக்காது என்பதை நான் ஞாபகப்படுத்தினேன். "தெரியும், தெரியும்" என்றார். கொஞ்சம் கவலையோடு சொன்ன மாதிரித்தான் இருந்தது.

ஒரு வான் நிறையச் சனம் எங்களைக் கட்டுநாயக்கவுக்கு அனுப்பி வைத்தது. உம்மாவுக்கு அதுதான் முதல் விமானம். விடியற்காலையில் அந்த இடைவழி ஊரில் இறங்கினோம். அடுத்த விமானம் பின்னேரம்தான். பளபளவென்ற பெரிய மண்டபம், இரும்புக் கதிரைகள், ஒவ்வொரு கதிரைக்கும் நடுவில் கைபிடி, சரிந்து படுக்க வழியில்லை. மேலிருந்து குளிர் காற்று கொட்டியது. கொஞ்ச நேரத்தில் உம்மாவின் கால் வீங்கத் தொடங்கியது. அவர் உதட்டைக் கடித்துக்கொண்டார். எனக்கு என்ன செய்வதென்று தெரியாமல், நாங்கள் இருந்த இடத்தைப் படம் எடுத்து என் கணவருக்கு அனுப்பினேன்.

உடனே குரல் செய்தி வந்தது. உம்மாவுக்கும் கேட்கும்படி வைத்தேன்.

"அந்த எடம் வேணாம். ஏசிக் காத்து நேர தலையில அடிக்கும். மேல் மாடிக்குப் போங்க. தொழுற அறையைத் தாண்டினா தண்ணிக் குழாய் ஒண்டு இரிக்கி. அதுக்கு அங்கால பெரிய தூண். தூணுக்குப் பின்னால கார்பெட் போட்டிரிக்கி, சுவரோரம் கொஞ்சம் சூடு வரும். போன் சார்ஜ் பண்ணவும் எடம் இரிக்கி. தரை கூட்டுறவனுகள் வந்து எழுப்பினா கோவிக்காதீங்க, அவனுகள் கூட்டிட்டுப் போனதும் மறுகாவும் படுக்கலாம்."

போனோம். தொழுகிற அறை, தண்ணீர்க் குழாய், தூண். அவர் சொன்னது சொன்னபடி. தூணுக்குப் பின்னால் இரண்டு பேர் படுக்கிற அளவுக்குக் கார்பெட். உம்மா சுவரைப் பிடித்து மெதுவாகக் கீழே இருந்து, உள்ளங்கையால் கார்பெட்டைத் தடவிப் பார்த்தார்.

"இவருக்கு எப்பிடித் தெரியும் புள்ள?"

"இங்கதான் படுக்கிறவர், உம்மா. ஒவ்வொரு லீவுக்கும். வாறப்பவும் போறப்பவும்."

உம்மா அந்தத் தூணைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார். "நான் அவருக்கு வெள்ளை விரிப்பு விரிச்சி வெச்சிட்டு, ஏன் சுணங்கினாரு எண்டு ஏசிட்டு நிண்டிரிக்கன்" என்றார். "இந்த மனிசன் இங்க வெறும் நிலத்துல கிடந்திரிக்காரு. எனக்காக." அவர் கண்ணீர் கொட்டியது. துடைக்கவும் இல்லை.

"போனைத் தா."

நான் கொடுத்தேன். எந்தப் பக்கத்தைக் காதில் வைப்பது என்று தெரியாமல் அவர் அதை வாய்க்கு நேரே பிடித்துக்கொண்டார். நான் சத்தத்தைக் கூட்டிவிட்டேன்.

"மகன், நான் மாமி கதைக்கிறன்."

அந்தப் பக்கத்தில் இரும்பு அடிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. பிறகு அதுவும் தூரப்போனது. அவர் எங்கோ ஒதுக்குப்புறமாக நடந்துவிட்டார். "மாமி? ஏதும் கரச்சலா மாமி?"

"ஒண்டுமில்ல மகன். ஊர் முழுக்க மன்னிப்புக் கேட்டன். உங்களுக்கிட்ட மட்டும் கேக்கல்ல. கஞ்சன் எண்டு ஏசினன். நிறைய ஏசிட்டன். மன்னிச்சி ஹலாலாக்கித் தாங்க மகன்."

மூக்கை உறிஞ்சுகிற சத்தம் வந்தது. ஏணியில் நிற்கிறவனை நடுங்க வைக்கிற மனிசன்.

"எல்லாம் ஹலால்தான் மாமி. பையைத் தலைக்கு வெச்சிப் படுங்க. நான் நேரம் பாத்து எழுப்புறன்."

உம்மா போனை மடியில் வைத்தார். அழுகையின் நடுவே அவருக்குச் சிரிப்பு வந்தது. "எல்லாருக்கிட்டயும் கேட்டு முடிஞ்சிதே புள்ள. இனி நான் ஆரை ஏசுற?"

போன் இன்னும் வெட்டுப்படவில்லை என்பதை நாங்கள் இருவரும் மறந்துவிட்டோம்.

"என்னையே ஏசுங்க மாமி" என்றார் அவர் மடியிலிருந்து. "இனி ஏசப்போறதுக்கும் இப்பவே சேத்து ஹலாலாக்கிட்டன். அதுக்குக் காலக்கெடு ஒண்டும் இல்ல."

உம்மா முக்காட்டால் முகத்தை மூடிக்கொண்டார். பிறகு பையைத் தலைக்கு வைத்து, மாப்பிள்ளை படுக்கிற அந்த இடத்தில் சாய்ந்து படுத்தார்.